பார்வை மூன்று

நிலுவை மூன்று லட்சத்து நாற்பத்தோராயிரத்து
இருநூற்று எண்பத்தாறு ரூபாய்.
நானே போட்ட கணக்கு.
அகவிலைப்படி ஏறிய மாதங்களைப்
பென்சிலில் வட்டமிட்டு
இரண்டு முறை கூட்டினேன்.
அர்த்தநாரியும் ஒரு முறை கூட்டினான்,
சர்வீஸில் ஆறு வருடம் இளையவன்,
எனக்கு முந்திக் கண்காணிப்பாளர் ஆனவன்.
கால்குலேட்டரை அணைக்கும்போது
என் முகத்தைப் பார்க்கவில்லை.

துறைத்தேர்வில் நான் தேறிய விவரம்
பணிப்பதிவேட்டில் ஏறவில்லை.
அவ்வளவுதான், ஒரே ஒரு வரி.
அதை ஏற்ற நாலு வருடம் ஏழு மாதம்.
ஏறியதும் தாராளமாகத் தந்தார்கள்,
முன்தேதியிட்ட பதவி, முன்தேதியிட்ட மரியாதை,
பணம் மட்டும் கையெழுத்தான நாளிலிருந்து.
கருத்தியலான பதவி உயர்வு என்று அதற்குப் பெயர்.
செவ்வாய்ப்பேட்டையில் நான்
கருத்தியலாக அரிசி வாங்கியிருக்க வேண்டும்.
மகனுக்குக் கல்லூரிக் கட்டணத்தைக்
கருத்தியலாகக் கட்டியிருக்க வேண்டும்.

அந்த நாலரை வருடமும்
கண்காணிப்பாளர் நாற்காலி காலி.
பீரோ சாவி என் கைப்பையில்.
வாய்மொழி உத்தரவு: "பாத்துக்கம்மா."
பார்த்துக்கொண்டேன்.
தணிக்கைத் தடைகளை, மார்ச் மாதக் கடைசி இரவுகளை,
மழைக்கு ஒழுகும் பதிவறையை.
நாற்காலியில் மட்டும் உட்காரவில்லை;
பக்கத்தில் ஸ்டூல் போட்டுக்கொண்டேன்.
உட்கார்ந்திருக்கலாம்.

போன வாரம் பதில் வந்தது.
ஆபீஸ் எதிரில் தட்டுவடை செட் வாங்கிக்கொண்டு
ஒற்றைக் கையால் பிரித்தேன்.
பீட்ரூட் துருவல் கடித உறைமேல் விழுந்தது.

"மேற்படி காலத்தில் மனுதாரர் உயர்பதவியின்
கடமைகளையும், பொறுப்புகளையும்,
மெய்யாக ஏற்றுப் பணிபுரியாததால்
பணப்பயன் கோர இயலாது எனத் தெரிவிக்கலாகிறது."

பொறுப்புகளுக்குப் பின்னால்
அந்த வேண்டாத கமா.
அது என் கமா.
'உண்மையில்' என்றுதான் எல்லோரும் எழுதுவார்கள்;
'மெய்யாக' என்று போட்டவள் நான்தான்.
ஏற்காடு கிளையில், பதினாறு வருடம் முன்பு,
பகலிலேயே விளக்குப் போட்ட ஒரு பனிநாளில்,
ஒரே மூச்சில்,
அலுவலக உதவியாளர் மாதையனின் மனுவுக்கு.
அதிகாரி படித்துவிட்டு "நல்லா வந்திருக்கே" என்றார்.
அன்று முழுக்க எனக்குப் பெருமை தாங்கவில்லை.

பிறகு அந்த வாக்கியம்
இருபது கொண்டை ஊசி வளைவும் இறங்கி
சேலம் வந்து, மேசை மேசையாக நகலாகி,
எத்தனை பேரைத் தாண்டி
என் பெயர் போட்ட உறைக்குள் புகுந்ததோ.
அது எந்தப் பட்டியலுக்கும் காத்திருக்கவில்லை.

மாதையனுக்கு நானே படித்தும் காட்டினேன்.
பதிவறை எழுத்தர் வேலையை மூன்று வருடம்
உதவியாளர் சம்பளத்தில் பார்த்த மனிதர்.
"அப்ப அந்த மூணு வருசம்
நான் எங்கம்மா இருந்தேன்?"
"விதி அப்படிங்க" என்றேன்.
எந்த விதி என்று அவர் கேட்கவில்லை.
கேட்டிருந்தால் எண்ணைச் சொல்லியிருப்பேன்,
உட்பிரிவோடு.

மேல்முறையீடு எழுதிக்கொண்டிருக்கிறேன்.
பொருள் எழுதியாயிற்று.
பார்வை ஒன்று, என் மனு.
பார்வை இரண்டு, அலுவலகக் கடிதம்.
பார்வை மூன்று,
திரு. மாதையன் என்பாரின் மனு, நாள்

நாள் நினைவில்லை.
பதிவறையில் கேட்டேன்;
பத்து வருடம் முடிந்து அழித்த கட்டுகளோடு
போயிருக்கும் என்றார்கள்.
புள்ளி வைத்து இடம் விட்டிருக்கிறேன்.

அர்த்தநாரி எட்டிப் பார்த்தான்.
"இது உங்க கேஸுக்குச் சம்பந்தமில்லக்கா,
எடுத்துடுங்க. அவங்களுக்கே பிடி கொடுத்த மாதிரி ஆயிடும்."
சரியாகத்தான் சொல்கிறான்.
எடுக்கவில்லை.
ஞாயிற்றுக்கிழமை வாழவந்திக்கு
முதல் பஸ் எத்தனை மணிக்கு என்று
அவனிடமே கேட்டேன்.